உதட்டுக்குத் தெரிந்த சூடு

அன்புள்ள தோழி,

உன் கடிதம் நான் வெளியூரில் இருந்தபோது வந்து, கதவிடுக்கில் பத்து நாள் கிடந்திருக்கிறது. பெட்டியைக்கூடத் திறக்காமல் முதலில் அதைத்தான் படித்தேன். முழங்கால் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததில் எனக்குப் பெரிய நிம்மதி. ஆனால், 'டாக்டர் ஆறு வாரம் என்றார், நான் நாலே வாரத்தில் கைத்தடியைப் போட்டுவிட்டேன்' என்று பெருமை வேறு அடித்திருக்கிறாயே! என்னை அவசரக்குடுக்கை என்று மூன்று வருஷம் ஹாஸ்டல் முழுக்கக் கேட்கும்படி அழைத்தவள் நீ. அந்தப் பட்டத்தை இப்போது உனக்கே திருப்பித் தருகிறேன். கைத்தடியை எடுத்து வைத்துக்கொண்டு மேலே படி.

பயணத்தில் என்னென்ன பார்த்தாய், ஒன்று விடாமல் எழுது என்று கேட்டிருந்தாய். பார்த்ததெல்லாம் செல்போனில் இருக்கிறது. எந்த அருவி எந்த ஊரில் என்று இப்போதே எனக்குக் குழப்பம். தெளிவாக மனதில் நிற்பது ஒரே ஒரு மத்தியானம்தான். அன்றைக்கு நான் எதையும் சுற்றிப் பார்க்கவில்லை. ஒரு கொட்டகையில் நின்று சாக்லேட் செய்யக் கற்றுக்கொண்டேன்.

சிரிக்காதே. அன்று விடிந்ததிலிருந்து மழை. போகவேண்டிய இடத்துக்குப் பாதை மூடிவிட்டார்கள். வீட்டுக்காரர் 'கடவுளாகக் கொடுத்த லீவு' என்று சொல்லிப் போர்வையை இழுத்து மூடிக்கொண்டார். எனக்குச் சும்மா உட்காரத் தெரியாது, உனக்குத் தெரியுமே. தங்கியிருந்த விடுதியின் பலகையில் சாக்லேட் வகுப்பு என்று ஒரு சீட்டு ஒட்டியிருந்தது. குடையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டேன்.

கொஞ்சம் பயத்தோடுதான் போனேன். அதற்கு நாலு நாள் முன்னால் வேறு ஓர் ஊரில் இதே மாதிரி 'வகுப்பு' ஒன்றில் ஏமாந்திருந்தேன். உருக்கி வைத்த சாக்லேட்டைக் கரண்டியில் கொடுத்து, அச்சில் ஊற்றச் சொல்லி, மேலே கலர் மணி தூவச் சொல்லி, தொப்பி மாட்டி போட்டோ எடுத்து நாற்பது நிமிஷத்தில் அனுப்பிவிட்டார்கள். நீயோ உன் பெண்ணோ எங்காவது போனால், பணம் கட்டும் முன் ஒரே கேள்வி கேளுங்கள்: கொக்கோ கொட்டையிலிருந்து ஆரம்பிப்பீர்களா, கடைச் சாக்லேட் கட்டியிலிருந்தா? பதிலிலேயே எல்லாம் தெரிந்துவிடும்.

இங்கே நாங்கள் ஆறு பேர். புதுசாகக் கல்யாணமான ஜோடி, ஒரு அப்பாவும் பத்து வயதுப் பையனும், ஒரு கல்லூரிப் பெண், நான். சொல்லிக்கொடுத்த அம்மாவுக்கு நம் வயதுதான் இருக்கும். முன்கையில் பழைய சூட்டுத் தழும்பு. அதைப் பார்த்ததுமே எனக்கு நம்பிக்கை வந்துவிட்டது.

முதலில் ஒரு கொக்கோ காயைக் கையில் கொடுத்தார். சின்னப் பப்பாளி அளவு, மஞ்சளும் சிவப்புமாக, மேலெல்லாம் வரிவரியாக மேடு. இது கிளை நுனியில் காய்க்காதாம், பலா மாதிரி அடிமரத்திலேயே ஒட்டிக் காய்க்குமாம். குறுக்கே வெட்டினால் உள்ளே வெள்ளைச் சதை போர்த்திய கொட்டைகள், ஒரு காய்க்கு முப்பது நாற்பது இருக்கும். சதையைச் சப்பிப் பார்த்தேன். புளிப்பும் இனிப்புமாக அச்சு அசல் லிச்சிப் பழம், சாக்லேட்டின் சாயல் துளிகூட இல்லை. கொட்டையைக் கடித்தால் உள்ளே கத்தரிக்காய் ஊதா நிறம், ஒரே கசப்பு, நாக்கு இழுத்துக்கொண்டது. இதிலிருந்து சாக்லேட் வரும் என்று முதலில் யாருக்குத்தான் தோன்றியிருக்கும்?

அந்த மணம் கொட்டையில் இல்லை, புளிக்க வைப்பதில்தான் வருகிறது. சதையோடு குவித்து, வாழை இலை போட்டு மூடி, ஐந்தாறு நாள் விடுகிறார்கள். குவியலின் நடுவில் கை வைக்க முடியாத அளவுக்குத் தானாகவே சூடேறுமாம். அதற்கப்புறம்தான் வெயிலில் காயப் போடுகிறார்கள். இந்த வேலை முழுக்க விவசாயியின் முற்றத்தில் நடக்கிறது. உலகத்துக் கொக்கோவில் பாதிக்கு மேல் ஐவரி கோஸ்ட், கானா என்ற இரண்டே நாடுகளிலிருந்து வருகிறது. அங்கே யாரோ ஒருவர் ஒரு நாள் முன்னால் குவியலைப் பிரித்துவிட்டால் அதைச் சரிசெய்ய எந்தத் தொழிற்சாலையாலும் ஆகாது என்றார் அந்த அம்மா.

காய்ந்த கொட்டையை நாங்கள் வறுத்தோம். முதல் பத்து நிமிஷம் சுள்ளென்று வினிகர் வாடை. தப்பான இடத்துக்கு வந்துவிட்டோமோ என்று பார்த்தேன். புளித்ததன் மிச்சம், ஆவியாகிப் போகட்டும் என்றார். கொஞ்ச நேரத்தில் வாடை மாறி, பேக்கரி வாசலில் காலையில் வருமே, அந்த மணம். கொட்டைகள் படபடவென்று தோல் வெடித்தன.

அப்புறம் தோலை நீக்க வேண்டும். தலை உலர்த்தும் மெஷினைக் கையில் கொடுத்து ஊதச் சொன்னார்கள். தோல் பறந்து அந்தப் புது மாப்பிள்ளையின் சட்டையெல்லாம் ஒட்டிக்கொண்டது. என்னால் சும்மா பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை. அகலமான தட்டு ஒன்றைக் கேட்டு வாங்கி, நாலு புடை புடைத்தேன். தோல் தனியே, பருப்பு தனியே. அந்த அம்மா தட்டை என்னிடமிருந்து வாங்கிச் செய்து பார்த்தார், பாதி பருப்பு தரையில். அன்றைக்கு நான் ஒரு விஷயத்திலாவது குருவானேன்.

பருப்பை உரலில் போட்டு இடிக்கக் கொடுத்தார்கள். இதை நீ நேரில் பார்க்க வேண்டும். முதலில் ரவை மாதிரி இருக்கிறது. விடாமல் இடித்தால் ஈரமாகிறது. ஒரு சொட்டுத் தண்ணீரோ எண்ணெயோ விடவில்லை, ஆனாலும் பளபளவென்று குழம்பாகிறது. பருப்பில் பாதிக்கு மேல் கொழுப்பு, அந்தச் சூட்டில் உருகி வெளியே வருகிறது. அதுதான் கொக்கோ வெண்ணெய். எனக்குக் கை கழன்றது. பையன் மட்டும் நிறுத்தவே இல்லை.

ஆனால் உரலில் இடித்தது நாக்கில் மணல் மாதிரி நறநறக்கும். மழமழவென்று ஆக, சர்க்கரையோடு சேர்த்துக் கல் மெஷினில் ஒரு நாளாவது, சிலர் இரண்டு மூன்று நாளாவது ஓட்டுகிறார்கள். மெஷினைப் பார்த்ததும் எனக்குச் சிரிப்பு. வட்டப் பாத்திரம், அடியில் கருங்கல், மேலே உருளும் இரண்டு கல். பெயர் மெலாஞ்சர் என்கிறார்கள், ஆள் நம் வெட் கிரைண்டர்தான். ரொம்ப நேரம் ஆட்டினால் சாக்லேட் மழமழப்பாகும் என்று கண்டுபிடித்தவர் ரோடால்ஃப் லிண்ட், ஸ்விட்சர்லாந்தில், 1879-இல். ராத்திரி மெஷினை அணைக்க மறந்து போனதால் கிடைத்தது என்று ஒரு கதை உண்டு. உண்மையோ பொய்யோ, மறதிக்காரர்களுக்கு ஆறுதலான கதை. எங்களுக்கு முந்தின நாள் அரைத்து வைத்ததைக் கொடுத்தார்கள். 70 சதவீதம் என்று அட்டையில் போடுகிறார்களே, அதன் கணக்கும் அன்றுதான் புரிந்தது. நூறு கிராமில் எழுபது கொக்கோவும் அதன் வெண்ணெயும், மீதி ஏறக்குறைய முழுக்கச் சர்க்கரை.

சரி, நான் சொல்ல வந்த விஷயம் இனிமேல்தான்.

உருகிய சாக்லேட்டை அப்படியே அச்சில் ஊற்றினால் அது சாக்லேட் ஆகாது. சேறு மாதிரி மங்கலாக உறையும், தொட்டால் விரலில் ஒட்டும். கொக்கோ வெண்ணெய் ஆறு விதமாகப் படிகமாகுமாம். அதில் ஐந்தாவது வகை மட்டும்தான் நமக்கு வேண்டும். பளபளப்பு, உடைத்தால் வரும் 'டக்' சத்தம், கையில் உருகாமல் வாயில் உருகும் குணம், எல்லாம் அந்த ஒன்றில்தான். அதை வரவழைப்பதற்குப் பெயர் டெம்பரிங். கறுப்புச் சாக்லேட்டை 45 டிகிரிக்கு மேல் உருக்கி, பளிங்குக் கல்லில் கொட்டி, தகட்டால் பரப்பிப் பரப்பி வாரி 27 டிகிரிக்குக் கொண்டுவந்து, மறுபடி 31, 32-க்கு மெதுவாக ஏற்ற வேண்டும். ஏறும்போது 34-ஐத் தாண்டினால் எல்லாம் கரைந்து போகும், முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும்.

கல்லில் சாக்லேட் பரப்புவது என்ன சுகம் தெரியுமா? தகட்டை இழுக்க இழுக்க, முதலில் தண்ணீர் மாதிரி ஓடுவது கொஞ்சம் கொஞ்சமாகக் கனக்கிறது. அந்தக் கனம் மணிக்கட்டில் தெரிகிறது. தெர்மாமீட்டர் 30 காட்டியது. அந்த அம்மா ஜோடிக்கு ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். இன்னும் மூணு டிகிரிதானே, 30-உம் 31-உம் பக்கத்துப் பக்கத்து வீடுதானே என்று நான் வாரி எடுத்து அச்சில் ஊற்றிவிட்டேன். நீ பக்கத்தில் இருந்திருந்தால் கையில் தட்டியிருப்பாய்.

இருபது நிமிஷம் கழித்து எல்லோருடையதும் அச்சிலிருந்து கலகலவென்று உதிர்ந்தது. என்னுடையது வரவே மாட்டேன் என்றது. கத்தியால் நெம்பி எடுத்தால் சாம்பல் கோடு கோடாக இருந்தது. உடைத்தால் சத்தமே இல்லை, களிமண் மாதிரி வளைந்தது. கீழே இறங்கிவிட்டு ஏறினால்தான் 31, போகிற வழியில் நின்றால் அது வேறு 31 என்றார் அந்த அம்மா. திட்டவில்லை. 'உருக்கு, மறுபடி செய்' என்று மட்டும் சொன்னார். எத்தனை தடவை கெடுத்தாலும் சாக்லேட் உருக்கினால் பழையபடி ஆகிவிடுகிறது.

ஒன்றே ஒன்றைத் தவிர. தண்ணீர். ஈரக் கரண்டியைப் பையன் அவன் கிண்ணத்தில் விட்டுவிட்டான். ஒரு சொட்டு இருந்தாலே அதிகம், அத்தனையும் திரித்திரியாகக் கட்டியாகிவிட்டது. சர்க்கரைத் துகளெல்லாம் அந்த ஈரத்தைப் பிடித்துக்கொண்டு ஒன்றோடொன்று ஒட்டிவிடுமாம். பையன் உதடு துடிக்கிறது, அப்பா முறைக்கிறார். அந்த அம்மா சூடான கிரீமை எடுத்து அதே கிண்ணத்தில் ஊற்றிக் கிளறினார். கொஞ்சமாக ஈரம் பட்டால்தான் கெடும், நிறையப் பட்டால் சேர்ந்துகொள்ளும். இரண்டு நிமிஷத்தில் பட்டு மாதிரி ஒரு குழம்பு, கனாஷ் என்கிறார்கள். அன்று எல்லோரும் விரலை நக்கியது அதைத்தான். பையனுக்குப் பெருமை தாங்கவில்லை.

இரண்டாவது தடவை தெர்மாமீட்டரை என்னிடமிருந்து வாங்கிக்கொண்டார். நுனி விரலால் துளி எடுத்து என்னையே கீழுதட்டுக்குக் கீழே வைத்துப் பார்க்கச் சொன்னார். முதலில் வைத்தபோது இதமாகச் சுட்டது. இன்னும் இல்லை என்றார். பரப்பினேன், வாரினேன், பரப்பினேன். நாலாவது தடவை வைத்தபோது, உருகிய சாக்லேட் உதட்டில் லேசாகக் குளிர்ந்தது. உடம்புச் சூட்டுக்குக் கொஞ்சம் கீழே, அவ்வளவுதான் விஷயம். எண்ணே இல்லாமல் எனக்கே தெரிந்தது. அந்த ஒரு நொடிக்காகத்தான் இந்தக் கடிதத்தை இவ்வளவு நீட்டிக்கொண்டிருக்கிறேன்.

இன்னொன்று உன்னிடம் சொல்லியாக வேண்டும். உன் டிரங்குப் பெட்டியில் கோடை விடுமுறை முழுக்கக் கிடந்த சாக்லேட் நினைவிருக்கிறதா? மேலெல்லாம் வெள்ளை பூத்திருந்தது. பூஞ்சை என்று மூக்கைப் பிடித்துக்கொண்டு ஜன்னல் வழியாக எறிந்தோம். அது பூஞ்சையே இல்லையடி! வெயிலில் இளகி, வெண்ணெய் மேலே வந்து தப்பான படிகமாக உறைந்ததுதான். தாராளமாகத் தின்றிருக்கலாம். மாதக் கடைசி, கையில் காசில்லை, அதையும் எறிந்துவிட்டுப் பட்டினி கிடந்தோம்.

பார்சலில் இரண்டு பொட்டலம் வருகிறது. சிவப்பு நூல் கட்டியது இரண்டாவது தடவை வந்தது. நூல் இல்லாதது முதல் தடவையில் நான் கெடுத்தது. எடுத்துவர வேண்டாம் என்றார் வீட்டுக்காரர், எனக்குத்தான் மனசு வரவில்லை. இரண்டையும் பிரிட்ஜில் வைக்காதே. வெளியே எடுத்ததும் வியர்த்து, சர்க்கரை மேலே பூத்துவிடும். சமையல்கட்டில் அடுப்புக்குத் தள்ளி, இருட்டான அலமாரி போதும்.

சிவப்பு நூல் பொட்டலத்தைப் பிரித்ததும் காதுப் பக்கம் வைத்து உடைத்துப் பார். சத்தம் கேட்டதா என்று மறக்காமல் எழுது. உட்கார்ந்தே உடை, கைத்தடியைக் கீழே வைத்துவிட்டு.

உன் பழைய,
அவசரக்குடுக்கை