பேசி என்ன பயன் என்று கேட்ட தம்பிக்கு

அன்புள்ள தம்பிக்கு,

நலம். பரங்கிமலை இராணுவ அதிகாரிப் பயிற்சியின் கடுமை உடம்புக்குப் பழகியிருக்கும் என்று நம்புகிறேன். சென்ற மாதம் விடுப்பில் ஊருக்கு வந்திருந்தபோது என் வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து, “பஹல்காமில் மதத்தைக் கேட்டுக் கேட்டுச் சுட்டார்கள். அந்த ஆட்களை வளர்த்துவிட்ட பாகிஸ்தானோடு பேசி என்ன பயன், சார்?” என்று கேட்டாய். நான் ஏதோ அரைகுறையாகச் சொன்னேன். நீயும் மரியாதைக்காகத் தலையாட்டிவிட்டுப் போனாய். அந்தத் தலையாட்டல் எனக்குள் உறுத்திக்கொண்டே இருக்கிறது. இன்னும் சில மாதங்களில் தோளில் நட்சத்திரத்தோடு எல்லைக்கே போய் நிற்கக்கூடியவன் நீ. உன் கேள்விக்கு முழுப் பதில் சொல்லும் கடமை எனக்கு உண்டு. உன் வயதுப் பிள்ளைகள் பலரும் இதையே கேட்பதால், மற்றவர்களும் படிக்கும்படி இங்கேயே எழுதுகிறேன்.

முதலில், உன் கோபம் நியாயமானது. 2025 ஏப்ரல் 22 அன்று காஷ்மீரில் பஹல்காமுக்கு அருகே பைசரன் புல்வெளியில் குடும்பத்தோடு சுற்றுலா வந்திருந்தவர்கள் உட்பட 26 பேரைக் கொன்றதை எந்த அரசியல் காரணத்தாலும் நியாயப்படுத்த முடியாது. 2008 இல் மும்பையைச் சூறையாடியவர்கள் கராச்சியிலிருந்து கடல்வழியாக வந்தவர்கள். 2019 இல் புல்வாமாவில் இறந்த 40 காவலர்களில் தூத்துக்குடி மாவட்டத்துப் பிள்ளையும் அரியலூர் மாவட்டத்துப் பிள்ளையும் உண்டு. நட்புப் பயணங்களின் கதையும் எனக்குத் தெரியும். 1999 பிப்ரவரியில் வாஜ்பாய் பேருந்தில் வாகாவைக் கடந்து லாகூர் போனார். அந்தக் கோடையிலேயே கார்கில் வந்தது. 2015 கிறிஸ்துமஸ் அன்று மோதி லாகூரில் இறங்கினார். கைகுலுக்கிய ஈரம் காய்வதற்குள் பதான்கோட் விமானப்படைத் தளம் தாக்கப்பட்டது. ஆகவே, அன்பாகப் பேசினால் எல்லாம் சரியாகிவிடும் என்று உன்னிடம் நான் சொல்லப் போவதில்லை.

நான் சொல்ல வருவது வேறொரு வகைப் பேச்சைப் பற்றி. அதற்கு அன்பு தேவையில்லை, நம்பிக்கைகூட அதிகம் தேவையில்லை.

ஒன்பதாம் வகுப்பில் உலக வரைபடத்தை மேசையில் விரித்து, நம் ஊரின் அட்சரேகையையும் தீர்க்கரேகையையும் உங்களைக் கொண்டு குறிக்கச் செய்தது நினைவிருக்கிறதா? நீ பென்சிலை அழுத்திக் காகிதத்தையே துளைத்துவிட்டாய். ஒவ்வோர் ஆண்டும் ஜனவரி 1 ஆம் தேதி இந்தியாவும் பாகிஸ்தானும் அதே போன்ற எண்களைத்தான் ஒன்றிடம் ஒன்று ஒப்படைக்கின்றன. டெல்லியிலும் இஸ்லாமாபாதிலும் ஒரே நாளில் தூதரக அதிகாரிகள் ஒரு பட்டியலைக் கொடுத்து இன்னொரு பட்டியலைப் பெறுகிறார்கள். தத்தம் அணு நிலையங்கள் எந்த அட்சரேகையில், எந்தத் தீர்க்கரேகையில் இருக்கின்றன என்ற விவரம் அதில் இருக்கும். பட்டியல் வெளியிடப்படுவதில்லை, ஆனால் ஒப்பந்தத்தின் வரையறைப்படி அணுமின் உலைகளும் அதில் அடங்கும் என்பதால், கல்பாக்கமும் கூடங்குளமும் அந்த உறைக்குள் இருந்தாக வேண்டும். நம் ஊர்க் கடற்கரையின் எண்களை நாமே எழுதி எதிரியின் கையில் கொடுத்து வைத்திருக்கிறோம். இங்கே அடிக்கக் கூடாது என்று இரு பக்கமும் ஒத்துக்கொண்டதால்தான் அதைக் கொடுக்க முடிகிறது.

இது எப்படி வந்தது என்பதையும் நீ தெரிந்துகொள்ள வேண்டும். 1986–87 இல், செங்கல்பட்டில் பிறந்த ஜெனரல் சுந்தர்ஜி தரைப்படைத் தளபதியாக இருந்தபோது, ராஜஸ்தானில் பிராஸ்டாக்ஸ் என்ற மாபெரும் போர்ப் பயிற்சி நடந்தது. அது பயிற்சிதானா, படையெடுப்பின் தொடக்கமா என்று பாகிஸ்தானுக்குச் சந்தேகம் வந்துவிட்டது. அவர்களும் படைகளை நகர்த்தினார்கள். யாரும் விரும்பாத ஒரு போரின் வாசல்வரை இரு நாடுகளும் போய்த் திரும்பின. அந்தப் பயத்துக்குப் பிறகுதான், அணு நிலையங்களைத் தாக்குவதில்லை என்று 1985 இல் பாகிஸ்தான் அதிபர் ஜியாவும் ராஜீவ் காந்தியும் வாய்ச்சொல்லாகச் செய்துகொண்டிருந்த உடன்பாடு 1988 டிசம்பர் 31 அன்று எழுத்தில் ஏறியது. பெரிய போர்ப் பயிற்சிகளை முன்கூட்டியே தெரிவிக்கும் ஒப்பந்தம் 1991 இல் வந்தது. முதல் பட்டியல் 1992 இல் கைமாறியது. கார்கில் நடந்த பிறகும், நாடாளுமன்றத் தாக்குதலுக்குப் பின் இரு படைகளும் மாதக்கணக்கில் எல்லையில் முறைத்துக்கொண்டு நின்றபோதும், மும்பைக்குப் பிறகும், புல்வாமாவுக்குப் பிறகும், ஒரு ஜனவரிகூட அது தவறவில்லை.

வரப்புத் தகராறில் வெட்டுக்குத்து வரை போன இரண்டு பங்காளிகள்கூடப் பொதுக் கிணற்றின் கைப்பிடிச் சுவரை இடிப்பதில்லை. இருட்டில் தவறி விழப்போவது யார் வீட்டுப் பிள்ளை என்று யாருக்கும் தெரியாது அல்லவா?

சுவர் இல்லாத இடத்தில் என்ன நடக்கும் என்பதையும் நாம் பார்த்துவிட்டோம். 2022 மார்ச் 9 அன்று மாலை நம்முடைய பிரம்மோஸ் ஏவுகணை ஒன்று தவறுதலாகப் புறப்பட்டு, எல்லையைத் தாண்டி நூறு கிலோமீட்டருக்கும் அதிகமாக உள்ளே போய், பாகிஸ்தானின் பஞ்சாபில் மியான் சன்னு என்ற ஊருக்கு அருகில் விழுந்தது. அதில் வெடிமுனை இல்லை, யாரும் சாகவில்லை. வழக்கமான பராமரிப்பின்போது ஏற்பட்ட தொழில்நுட்பக் கோளாறு என்று இந்தியா இரண்டு நாள் கழித்து அறிவித்தது. விசாரணைக்குப் பிறகு விமானப்படை அதிகாரிகள் மூவர் பணிநீக்கம் செய்யப்பட்டார்கள். உடனே தங்களுக்குத் தெரிவிக்கவில்லை என்பது பாகிஸ்தானின் புகார். ஏவுகணைச் சோதனைகளை மூன்று நாள் முன்னதாகத் தெரிவிக்க வேண்டும் என்ற 2005 ஆம் ஆண்டு ஒப்பந்தம், வில்வளைவுப் பாதையில் போகும் பாலிஸ்டிக் ஏவுகணைகளுக்கு மட்டுமே பொருந்தும். விமானம்போலப் பறந்து செல்லும் பிரம்மோஸ் போன்ற குரூஸ் ஏவுகணைகள் அந்த ஏட்டிலேயே இல்லை. ராடார் திரையில் அந்தப் புள்ளியைப் பார்த்துக்கொண்டிருந்த பாகிஸ்தானிய அதிகாரியின் இடத்தில் உன்னை வைத்துப் பார். அதன் முனையில் என்ன இருக்கிறது என்று திரை சொல்லாது. 2025 மே மாதம் போன்ற ஒரு காலத்தில், இரு பக்கமும் விரலை விசையில் வைத்திருக்கும்போது அது நடந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று நினைத்துப் பார்க்கவே எனக்கு நெஞ்சு நடுங்குகிறது.

பனிப்போர்க் காலத்து அமெரிக்காவுக்கும் சோவியத் யூனியனுக்கும் நடுவே ஏவுகணை பாய்ந்து சேர ஏறத்தாழ அரை மணி நேரம் ஆகும். லாகூர் நகரமோ எல்லையிலிருந்து முப்பது கிலோமீட்டருக்குள் இருக்கிறது. டெல்லியை எட்டச் சில நிமிடங்கள் போதும். ஸ்டாக்ஹோம் ஆய்வு நிறுவனத்தின் 2025 மதிப்பீட்டின்படி இந்தியாவிடம் 180 அளவிலும் பாகிஸ்தானிடம் 170 அளவிலும் அணுகுண்டுகள் இருக்கின்றன. நாம் முதலில் பயன்படுத்த மாட்டோம் என்று சொல்லியிருக்கிறோம். அவர்கள் அப்படிச் சொல்லவில்லை. போர்க்களத்திலேயே பயன்படுத்தக்கூடிய குறுந்தூர ஏவுகணையையும் அவர்கள் வைத்திருக்கிறார்கள். இந்த நிலையில் தொலைபேசியை எடுத்துப் பேச ஓர் ஆள் எதிர்முனையில் இருப்பது, பகைவனுக்கு நாம் செய்யும் சலுகை ஆகாது. நம் மக்களுக்கு நாம் செய்யும் காவல்.

அந்த 2025 மே மாதத்தையே எடுத்துக்கொள். 7 ஆம் தேதி தொடங்கிய தாக்குதல்கள் 10 ஆம் தேதிக்குள் விமானப்படைத் தளங்கள் வரை போய்விட்டன. பூஞ்சில் பீரங்கிக் குண்டுகள் வீடுகளின் மேல் விழுந்து, குழந்தைகள் உட்படப் பொதுமக்கள் பலர் இறந்தார்கள். 10 ஆம் தேதி பிற்பகல் 3.35 மணிக்குப் பாகிஸ்தானின் இராணுவ நடவடிக்கைகளுக்கான தலைமை இயக்குநர் நம் இயக்குநரைத் தொலைபேசியில் அழைத்தார். 5 மணி முதல் சுடுவதை நிறுத்துவது என்று முடிவாயிற்று. யார் நடுவில் நின்று பேசினார்கள் என்ற சச்சரவு இன்னும் ஓயவில்லை; அதில் எனக்கு அக்கறை இல்லை. ஆனால் கடைசியில் மணி அடித்தது, இரு இராணுவங்களுக்கும் நடுவே ஏற்கெனவே இருந்த நேரடித் தொலைபேசியில்தான். 2021 பிப்ரவரி 25 அன்று எல்லைக் கோட்டில் துப்பாக்கிகளை மௌனமாக்கிய கூட்டறிக்கையும் அதே இரண்டு அலுவலகங்களிலிருந்து வந்ததுதான். அதற்கு முந்தைய ஆண்டில் ஐந்தாயிரத்துக்கும் மேற்பட்ட அத்துமீறல்கள் நடந்ததாக நம் அரசே கணக்குச் சொன்னது. அந்த அறிக்கைக்குப் பிறகு நாலாண்டு காலம் எல்லை ஓரத்துக் குடியானவர்கள் வேலியை ஒட்டிய நிலத்தில் உழவு ஓட்டினார்கள். பதுங்கு குழிகளில் கிடந்த பிள்ளைகள் பள்ளிக்கூடம் போனார்கள். எந்தச் சமாதான மாநாட்டைக் காட்டிலும் அந்த நாலாண்டு எனக்குப் பெரிதாகத் தோன்றுகிறது.

சில ஆண்டுகளுக்கு முன் அட்டாரி – வாகா எல்லைக்குப் போயிருந்தேன் என்று வகுப்பில் சொல்லியிருக்கிறேன். கூட்டம் ஆர்ப்பரிக்க, வீரர்கள் காலைத் தலைக்கு மேல் தூக்கி உதைத்து நடந்ததை எல்லோரும் கைப்பேசியில் படம் பிடித்தார்கள். என் கண் கொடிக்கயிற்றில் நின்றுவிட்டது. இரண்டு கொடிகளும் ஒரே நேரத்தில் இறங்க வேண்டும்; ஒன்றைவிட ஒன்று ஒரு சாண்கூடத் தாழக் கூடாது. நம் எல்லைப் பாதுகாப்புப் படை வீரர் கயிற்றைக் கைக்குக் கை விட்டுக்கொண்டே அவர்களுடைய கொடியைப் பார்த்தார். அந்தப் பக்கத்து ரேஞ்சர் நம் கொடியைப் பார்த்தார். குறுக்காக இறங்கிய இரண்டு கயிறுகளும் நடுவில் ஒன்றையொன்று கடந்தன. முறைத்துக்கொண்டே இருந்த இருவருக்குள் அவ்வளவு துல்லியமான ஒத்துழைப்பு இருந்தது. பஹல்காமுக்குப் பிறகு அந்தச் சடங்கில் கைகுலுக்கல் நிறுத்தப்பட்டது, வாயிற்கதவுகளும் மூடப்பட்டன. அது வருத்தம்தான், ஆனாலும் கைகுலுக்கல் நின்றதற்காக நான் அழ மாட்டேன். கயிறு விடுபடாமல் இருக்க வேண்டும்.

என்னை வாட்டுவது மீனவர்களின் நிலை. இராமேசுவரத்துப் படகுகள் பிடிபடும் செய்தியைக் காலையில் படித்துப் பழகிய நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. குஜராத் கரையிலும் கராச்சிக் கரையிலும் அதே கதைதான். குஜராத்துக்கும் பாகிஸ்தானின் சிந்துவுக்கும் நடுவே உள்ள சர் கிரீக் முகத்துவாரத்தின் எல்லை தீராததால், அதற்கப்பால் கடலில் கோடே இல்லை. மீன் போன வழியில் படகு போகிறது, ஆள் சிறைக்குப் போகிறான், படகு திரும்புவது அரிது. 2008 ஆம் ஆண்டு உடன்பாட்டின்படி ஆண்டுக்கு இருமுறை கைதிகளின் பட்டியலும் கைமாறுகிறது. சண்டை நின்று ஐம்பத்திரண்டு நாள் கழித்து, 2025 ஜூலை 1 அன்றும் அது கைமாறியது. அப்போது அவர்கள் சிறையில் நம் மீனவர்கள் 193 பேர், நம் சிறையில் அவர்களுடைய மீனவர்கள் 81 பேர். தண்டனைக் காலம் முடிந்தும் விடுதலை ஆகாதவர்களும் இவர்களுக்குள் உண்டு. சிறைகளை நேரில் பார்த்துப் பரிந்துரைக்க இரு நாட்டு ஓய்வுபெற்ற நீதிபதிகளைக் கொண்ட குழு ஒன்று இருக்கிறது. 2013 க்குப் பிறகு அது கூடவேயில்லை. காஷ்மீர் பற்றி ஒரு சொல்கூடப் பேசாமல், யாருடைய மானமும் போகாமல், அந்தக் குழுவை நாளையே கூட்டலாம்.

இதைத்தான் பேச்சு என்கிறேன். குரூஸ் ஏவுகணைகளையும் 2005 ஒப்பந்தத்துக்குள் கொண்டுவர வேண்டும். தவறுதலாக ஒன்று கிளம்பினால், கிளம்பிய நிமிடத்திலேயே சொல்லும் ஏற்பாடு வேண்டும். மூன்று போர்களைத் தாங்கி நின்ற 1960 ஆம் ஆண்டுச் சிந்து நதி ஒப்பந்தம் 2025 இல் நிறுத்தி வைக்கப்பட்டது. அரசின் கோபம் எனக்குப் புரிந்தாலும், வெள்ளக் காலத்து நீர்மட்ட விவரம்கூட ஒப்பந்தத்தின் வழக்கமான வழியில் போகாத நிலையை என்னால் ஏற்க முடியவில்லை. கொலையாளிகளைத் தண்டிப்பதற்கும் இவற்றுக்கும் முரண்பாடு எதுவும் இல்லை. இரண்டையும் ஒருசேரச் செய்வதற்குத்தான் அரசு இருக்கிறது, உன்னைப் போன்ற அதிகாரிகளும் இருக்கிறீர்கள்.

நீ எந்த முனையில் நியமிக்கப்பட்டாலும், போன முதல் வாரத்தில் ஒன்றை விசாரித்துக்கொள்: எதிரே உள்ள நிலையோடு, இரு பக்க அதிகாரிகளும் எல்லையில் நேரில் பேசும் கொடிக் கூட்டம் கடைசியாக எப்போது நடந்தது, நம் பக்கத்தில் யார் போய்ப் பேசினார்கள், மேயப்போன ஆடோ வழிதவறிய சிறுவனோ கோட்டைத் தாண்டினால் யாரிடம் சொல்ல வேண்டும். துப்பாக்கியைக் கழற்றிப் பூட்டத் தெரிந்த அளவுக்கு இதுவும் உனக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்று ஆசைப்படுகிறேன்.

அம்மாவை ஞாயிற்றுக்கிழமை சந்தையில் பார்த்தேன், நன்றாக இருக்கிறார்கள். அடுத்த விடுப்பில் வரும்போது திண்ணையில் மீதியைப் பேசுவோம். இந்த முறை தலையாட்டாதே. நான் சொல்வதில் தப்பு இருந்தால் மறுத்துப் பேசு.

அன்புடன்,
உன் பழைய வாத்தியார்