தறி ஓசையும் டிரம் ஓசையும்

வேலூர்

அன்புள்ள நண்பனுக்கு,

ஆரணியிலிருந்து நீ எழுதிய கடிதம் கிடைத்தது. பன்னிரண்டு ஆண்டுகள் வயலின் கற்ற மகன், இப்போது வில்லைத் தொடாமல் தறிக்குழியருகே உட்கார்ந்து நாடா ஓடும் ஓசையைப் பதிவு செய்கிறான் என்றும், இதை வைத்துக்கொண்டு சினிமாவில் எப்படிப் பிழைப்பான் என்றும் வருந்தியிருந்தாய். படித்ததும் எனக்கு ஐஸ்லாந்து நாட்டு இசையமைப்பாளர் ஹில்டுர் குத்னாதோத்திர் நினைவுக்கு வந்தார்.

1982-இல் இசைக் குடும்பத்தில் பிறந்த அவர், ஐந்து வயதில், வயலின் குடும்பத்தைச் சேர்ந்த பெரிய தந்தி வாத்தியமான செல்லோவைக் கற்கத் தொடங்கியவர். மூம் போன்ற பரிசோதனை இசைக் குழுக்களோடு பல ஆண்டுகள் வாசித்தார். பெரும்பாலோர் அவர் பெயரை அறிந்தது 2019-இல்தான். அந்த ஆண்டு வந்த, அணு உலை விபத்தைப் பற்றிய 'செர்னோபில்' தொலைக்காட்சித் தொடருக்காக, லிதுவேனியாவில் 2009-இல் மூடப்பட்ட இக்னாலினா அணுமின் நிலையத்துக்குள் பாதுகாப்பு உடையணிந்து சென்று, ஒலிப்பதிவாளர் கிறிஸ் வாட்சனின் துணையோடு பம்புகளின் இரைச்சலையும் கதவுகளின் கிறீச்சொலியையும் அந்தக் கூடங்களின் எதிரொலியையும் சேகரித்தார். அவற்றோடு தம் குரலை மட்டும் சேர்த்து முழு இசையையும் அமைத்தார். ஒரு கதவின் ஓசையே அதில் மெட்டாகியிருக்கிறது.

இது எனக்கு விந்தையாகப் படவில்லை. ராணிப்பேட்டையில் தோல் பதனிடும் டேனரியில் இருபத்திரண்டு ஆண்டுகள் நின்றவன் நான். தோலைப் போட்டுச் சுழற்றும் டிரம் என்ற பெரிய உருளையின் ஓசையைக் கேட்டே உள்ளே தோல் கூடுதலா, தண்ணீர் குறைவா என்று சொல்லிவிடுவேன். அந்த ஓசைக்குள் ஒரு தாளம் உண்டு என்று உன்னிடம் சொல்ல அப்போது எனக்குக் கூச்சமாக இருந்தது.

நம் ஊரில் பெரும்பாலும் படத்தொகுப்பு முடிந்த பிறகே ரீரெக்கார்டிங், அதாவது பின்னணி இசைச் சேர்ப்பு, நடக்கிறது. 'ஜோக்கர்' என்ற ஹாலிவுட் படத்துக்கோ, படப்பிடிப்புக்கு முன்பே திரைக்கதையைப் படித்து ஹில்டுர் இசை எழுதி அனுப்பினார். கழிவறையில் நாயகன் ஆடும் காட்சி, படப்பிடிப்பில் ஒலிக்கவிட்ட அந்த இசையைக் கேட்டே உருவானது. அந்த இசைக்கு 2020-இல் ஆஸ்கர் விருது கிடைத்தது. சினிமாவுக்காக அவர் தம் பரிசோதனைகளைக் கைவிடவில்லை. அவற்றையே சினிமாவுக்குள் கொண்டுவந்தார் என்றுதான் நான் கருதுகிறேன்.

ஆனால் ஒன்றில் நான் உன் பக்கம். 'ஜோக்கர்' இசையின் மையத்தில் இருப்பது செல்லோதான். அணுமின் நிலையத்தில் எந்த ஓசையை எடுப்பது, எதை விடுவது என்று அவர் காதுக்குச் சொல்லிக்கொடுத்தது அத்தனை ஆண்டுச் சாதகம் என்று நம்புகிறேன். ஆகவே பதிவு செய்வதைத் தடுக்காதே. காலைச் சாதகத்தை விடவும் அனுமதிக்காதே.

அடுத்த மாதம் அவனை இங்கே அனுப்பு. எனக்குத் தெரிந்த டேனரி ஒன்றில் மர டிரம்கள் இரண்டு இன்னும் ஓடுகின்றன. விடியற்காலையில் அவை ஓடத் தொடங்கும் நேரத்துக்கு நானே அழைத்துப் போகிறேன். வரும்போது வயலினையும் எடுத்துவரச் சொல்.

அன்புடன்,
உன் பழைய தோழன்