நீ அனுப்பிய அட்டவணை

அன்புள்ள சேகர்,

இங்கே எல்லோரும் நலம். பொங்கலுக்கே பதில் போட்டிருக்க வேண்டும். போடாததற்கு நீ திட்டுவதைத் தனிக் கடிதமாக எழுது, இதற்கான பதிலோடு கலக்காதே. இன்று எழுத உட்கார்ந்ததற்குக் காரணம் முரளி. வீடியோ கேம் ஆடும் பெட்டிகள், அதாவது கன்சோல்கள், எத்தனை விற்றன என்று நீ போட்ட அட்டவணைக்கு "இறுதித் தீர்ப்பு" என்று பெயர் வைத்து ஊர் முழுக்க அனுப்பிவிட்டான். தீர்ப்பு இருக்கட்டும், சாட்சிகளே ஒன்றுக்கொன்று முரணாகப் பேசுகின்றன.

சில்லறைப் பிழையை முதலில் முடித்துவிடுகிறேன். மில்லியனைப் பத்தால் வகுத்தால் கோடி. நின்டெண்டோவின் வீ கன்சோல் 101.63 மில்லியன், அதை 10.16 கோடி என்று சரியாகத்தான் போட்டிருக்கிறாய். அடுத்த வரியில் அதே நின்டெண்டோவின் கேம்கியூபுக்கு 21.74 கோடியாம்! அந்தப் பாவப்பட்ட ஊதாப் பெட்டி மொத்தமாகப் போனது 2.17 கோடி.

பெரிய பிழை தலைப்பிலேயே இருக்கிறது. "விற்பனை" என்று ஒற்றைச் சொல்லை எழுதி அதன் கீழே மூன்று வேறு சரக்குகளை அடுக்கியிருக்கிறாய். ஆலையிலிருந்து வெளியே போன எண்ணிக்கை ஒன்று. மொத்த வியாபாரிக்கும் கடைக்கும் விற்றது இன்னொன்று. ஆடுகிறவன் காசு கொடுத்து வீட்டுக்குத் தூக்கிப் போனது மூன்றாவது. சோனி முதல் வகையைத்தான் வெகுகாலம் சொல்லிவந்தது, 2007 நிதியாண்டிலிருந்து இரண்டாவதற்கு மாறியது. ஆகவே சோனியின் பிளேஸ்டேஷன் 2, அதாவது பிஎஸ்2-வின் உச்ச வருடங்களையும் பிஎஸ்4-இன் உச்ச வருடங்களையும் ஒரே கோட்டில் வரைந்தால், நடுவே அளவுகோல் மாறியதை ஓரத்தில் குறித்தாக வேண்டும். நின்டெண்டோவின் காலாண்டு எண்களும் இரண்டாம் வகைதான்.

நீ மாட்டிக்கொண்ட இடம் 2023. பிஎஸ்5-க்கு 5 கோடி, நின்டெண்டோவின் ஸ்விட்சுக்கு 13.94 கோடி என்று எதிரெதிரே வைத்திருக்கிறாய். அந்த 5 கோடி, டிசம்பர் 9 வரை வாடிக்கையாளர் கைக்குப் போனதாக சோனி தனியாக அறிவித்தது. ஸ்விட்சின் எண் டிசம்பர் 31 வரை கடைகளுக்குப் போனது. வகையும் வேறு, தேதியும் வேறு. அதுவும் வருடத்திலேயே கொழுத்த மூன்று வாரம் நடுவில் விழுந்திருக்கிறது. அதே டிசம்பர் 31-க்கு, அதே வகையில், பிஎஸ்5-இன் எண் 5.48 கோடி. கிட்டத்தட்ட அரைக்கோடி பெட்டிகளை நீ தொலைத்துவிட்டாய்.

கடைக்குப் போன எண்ணை நம்பினால் என்ன ஆகும் என்பதற்கு வீ-க்கு அடுத்து நின்டெண்டோ இறக்கிய வீ யூ-வைப் பார். 2012 நவம்பரில் வந்தது. டிசம்பர் முடிய 30.6 லட்சம். அடடா, நல்ல தொடக்கம் என்று தோன்றும். அடுத்த காலாண்டில் 3.9 லட்சம், அதற்கடுத்ததில் 1.6 லட்சம். முதலில் போன சரக்கே அலமாரியை விட்டு நகராதபோது கடைக்காரன் புதிதாக எதற்கு வாங்குவான்? ஒரு கன்சோல் வந்த முதல் காலாண்டை வைத்து எதையும் தீர்மானிக்காதே. மூன்றாவது காலாண்டு வரை பொறு. வீ யூ கடைசியில் 1.36 கோடியோடு மூச்சை விட்டது.

காலாண்டு என்றதும் இன்னொரு குழி. மைக்ரோசாஃப்டின் நிதியாண்டு ஜூலையில் தொடங்குகிறது, சோனிக்கும் நின்டெண்டோவுக்கும் ஏப்ரலில். நீ இருவருடைய "மூன்றாம் காலாண்டை"யும் பக்கத்தில் பக்கத்தில் வைத்திருக்கிறாய். சோனியின் மூன்றாவது அக்டோபர்–டிசம்பர், மைக்ரோசாஃப்டின் மூன்றாவது ஜனவரி–மார்ச். ஒருவனுடைய தீபாவளி வியாபாரத்தை இன்னொருவனுடைய ஆடி மாதத்தோடு ஒப்பிட்டு ஜெயித்தது யார் என்று கேட்டால் எப்படி? "மூன்றாம் காலாண்டு" என்ற சொல்லையே தூக்கு. நெடுக்கு வரிசைக்கு மாதப் பெயரைப் போடு.

இனி மைக்ரோசாஃப்டின் எக்ஸ்பாக்ஸ். இங்கேதான் எனக்குக் கோபம் வருகிறது. எக்ஸ்பாக்ஸ் 360-க்கு 2014 ஜூனில் 8.4 கோடி என்று அவர்களே சொன்னார்கள், அதன்பின் அந்த எண்ணைப் புதுப்பிக்கவில்லை. 2015 அக்டோபரோடு கன்சோல் எண்ணிக்கை சொல்வதையே நிறுத்திவிட்டார்கள். நீ 360-க்கு அடுத்து வந்த எக்ஸ்பாக்ஸ் ஒன்னுக்கு 5.8 கோடி என்று எழுதியிருக்கிறாய். அது எங்கிருந்து வந்தது தெரியுமா? 2022-இல் பிரேசிலின் வணிகப் போட்டி ஆணையத்துக்குக் கொடுத்த பதிலில், போன கன்சோல் தலைமுறையில் (பிஎஸ்4-உம் எக்ஸ்பாக்ஸ் ஒன்னும்) சோனி எங்களைப் போல இரண்டு மடங்குக்கு மேல் விற்றது என்று மைக்ரோசாஃப்டே ஒப்புக்கொண்டது. பிஎஸ்4 11.72 கோடி. அதில் பாதி 5.86. "இரண்டு மடங்குக்கு மேல்" என்றால் எக்ஸ்பாக்ஸ் ஒன் அந்தப் பாதிக்கும் கீழே என்றுதானே பொருள்? உச்சவரம்பை விற்பனை எண்ணாக எழுதாதே. "5.86-க்குக் குறைவு" என்று எழுது, கட்டம் அசிங்கமாகத் தெரிந்தாலும் பரவாயில்லை.

இப்போதைய எக்ஸ்பாக்ஸ் சீரிஸ் எக்ஸ், எஸ் இரண்டுக்கும் அதுகூட இல்லை. கிடைப்பது வன்பொருள் வருவாய் ஏறியது, இறங்கியது என்ற சதவீதம் மட்டும். 2025 அக்டோபர்–டிசம்பரில் 32 சதவீதம் இறக்கம். நீ அதையே பெட்டி எண்ணிக்கையின் இறக்கமாக எடுத்துக்கொண்டாய். வருவாய் என்பது விலை பெருக்கல் எண்ணிக்கை. அமெரிக்காவில் 2025-இல் இரண்டு முறை விலை ஏறியது. சீரிஸ் எக்ஸ் 499.99 டாலரிலிருந்து 649.99-க்குப் போனது, அதாவது 30 சதவீதம். முன்பு 100 ரூபாய் வந்த இடத்தில் இப்போது 68 வருகிறது, விலையோ 1.3 மடங்கு. 68-ஐ 1.3-ஆல் வகுத்தால் 52. ஆக எண்ணிக்கை கிட்டத்தட்ட பாதியாகியிருக்கலாம். எந்த மாடல் எவ்வளவு, எந்த நாட்டில் என்ன விலை, போன வருடத் தள்ளுபடி எவ்வளவு என்பதையெல்லாம் சேர்த்தால் 52 நகரும். சரிவு 32-ஐவிட ஆழம் என்ற திசையை மட்டும் எடுத்துக்கொள், எண்ணை அட்டவணையில் ஏற்றாதே.

பிராந்தியக் கணக்கு உனக்குப் பிடித்த பகுதி என்பதால் கொஞ்சம் நிதானமாகத் திட்டுகிறேன். நின்டெண்டோ ஒரு நெடுக்கு வரிசைக்கு "அமெரிக்காக்கள்" என்று பெயர் வைத்திருக்கிறது. அதில் கனடாவும் லத்தீன் அமெரிக்காவும் அடக்கம். சர்கானா என்ற கம்பெனி (முன்பு என்பிடி) மாதாமாதம் தருவது அமெரிக்க ஐக்கிய நாடுகளுக்கு மட்டும், கடையிலிருந்து வாடிக்கையாளர் வாங்கியது. இரண்டையும் "அமெரிக்கா" என்ற ஒரே கட்டத்தில் கூட்டிவிட்டாய். தவிர, சர்கானாவின் மாதம் நாள்காட்டி மாதம் கிடையாது. நான்கு வாரம், நான்கு வாரம், ஐந்து வாரம் என்று போகும். மார்ச்சில் விற்பனை எகிறியது என்று நீ பூரித்துப்போய் எழுதியிருக்கும் குறிப்பில் பாதி அந்த ஐந்தாவது வாரம். வாரச் சராசரியாக்கிவிட்டுப் பார்.

ஜப்பானுக்கு ஃபாமிட்சு என்ற அந்த ஊர் கேம் பத்திரிகை வாராவாரம் வாடிக்கையாளர் விற்பனையைத் தருகிறது. ஒப்பிட இதைவிட நல்ல தொடர் வேறில்லை, ஆனால் நின்டெண்டோவின் சொந்த ஜப்பான் எண்ணுக்குக் கொஞ்சம் கீழேயே இருக்கும். நடுவில் இருப்பது கடைச் சரக்கு. அதைப் பிழை என்று நினைத்து நீ இரண்டின் சராசரியை எடுத்திருக்கிறாய். மாம்பழத்துக்கும் மாங்கொட்டைக்கும் சராசரி!

பிராந்தியம் பிரித்துப் பார்த்தால்தான் கதையே மாறும், அந்த விஷயத்தில் உன் உள்ளுணர்வு சரி. நின்டெண்டோ 64 மொத்தம் 3.29 கோடி. அதில் அமெரிக்காக்கள் 2.06 கோடி, ஜப்பான் வெறும் 55.4 லட்சம். சேகா சாட்டர்ன் உலகம் முழுக்க ஒரு கோடியைத் தொடவில்லை, தோல்வி என்றே எல்லோரும் எழுதுகிறார்கள். ஆனால் அதில் பாதிக்கு மேல் ஜப்பானிலேயே போனது, அங்கே 64-க்குச் சரிசமமாக நின்றது. பிஎஸ்3-உம் 360-உம் உலகக் கணக்கில் 8.74-க்கு 8.4 என்று தோளோடு தோள் நிற்கின்றன. ஜப்பானில் 360 சுமார் 16 லட்சம்தான், பிஎஸ்3 அதைப்போலப் பல மடங்கு. அமெரிக்காவில் நிலைமை தலைகீழ். இதில் 360-க்கு ஒரு வருடம் முந்திக்கொண்ட அனுகூலம் உண்டு: அது 2005 நவம்பர், பிஎஸ்3 2006 நவம்பர், ஐரோப்பாவுக்கு 2007 மார்ச். எனவே இரண்டு அட்டவணை போடு. ஒன்று நாள்காட்டிப்படி, மற்றது வெளியான மாதத்தைப் பூஜ்யமாக வைத்து, ஒவ்வொரு பிராந்தியத்துக்கும் அதனதன் பூஜ்யம்.

நம் ஊர் வரிசையில் ஸ்விட்சுக்கு நேரே கேள்விக்குறி போட்டிருக்கிறாயே, அது கேள்விக்குறியாகவே இருக்கட்டும். நின்டெண்டோ இந்தியாவில் அதை அதிகாரபூர்வமாக விற்கவில்லை. இங்கே கிடைப்பதெல்லாம் வேறு நாட்டில் முதலில் விற்றதாக எண்ணப்பட்டு வந்தவை. ஜப்பானிலும் இந்தக் கசிவு உண்டு. யென் சரிந்ததால் அங்கே வாங்கி வெளியே விற்பது லாபமாக இருந்தது. ஸ்விட்ச் 2-க்கு ஜப்பானிய மொழி மட்டும் உள்ள மாடல் 49,980 யென், பல மொழி மாடல் 69,980 யென் என்று ஏன் இரண்டு விலை வைத்தார்கள் என்று நினைக்கிறாய்? 2025 நவம்பரில் சோனியும் 55,000 யெனுக்கு ஜப்பானிய மொழிக்கு மட்டுமான பிஎஸ்5-ஐ இறக்கியது. முந்தைய வருடங்களின் ஜப்பான் எண்ணில் எத்தனை பெட்டி உண்மையில் ஜப்பானிய வரவேற்பறைக்குப் போனது என்று எந்த அறிக்கையும் பிரித்துச் சொல்லாது.

சரி, பந்தயத்துக்கு வருகிறேன். ஸ்விட்ச் பிஎஸ்2-வைத் தாண்டும், அதுவும் இந்த வருடமே என்று முரளியிடம் சொல்லியிருக்கிறாய். 2025 டிசம்பர் முடிய ஸ்விட்ச் 15.537 கோடி. நின்டெண்டோவின் பழைய கைக்கருவி டிஎஸ்ஸின் 15.402-ஐத் தாண்டிவிட்டது, அதைக் கொண்டாடு. நீ குறித்திருக்கும் பிஎஸ்2 எண் 15.5 கோடி பழையது. சோனியின் பிளேஸ்டேஷன் பிரிவுக்குத் தலைவராக இருந்த ஜிம் ரையன் 2024-இல் 16 கோடி என்றார், பிறகு சோனியின் தளத்திலும் "16 கோடிக்கு மேல்" என்று ஏறியது. பிராந்தியம் இல்லை, வருடம் இல்லை. "மேல்" என்றால் எவ்வளவு மேல்? உலகத்திலேயே அதிகம் விற்ற கன்சோலின் கணக்கு ஒற்றை வாக்கியமாகச் சுருங்கிக் கிடக்கிறது, சேகர். இதை நினைத்தால் உன்னைக் கிண்டல் செய்யக்கூட மனசு வரவில்லை.

இருந்தாலும் கணக்குப் போட்டுப் பார்த்தேன். 2025 மார்ச் முடிய ஸ்விட்ச் 15.212 கோடி. 2026 மார்ச்சில் முடியும் நிதியாண்டுக்கு நின்டெண்டோவின் இலக்கு 40 லட்சம், ஒன்பது மாதத்தில் 32.5 வந்துவிட்டது. 40-ஐ ஒப்புக்கொள்வோம். அடுத்தடுத்த வருடம் பாதி பாதியாகக் குறைந்தால் 40, 20, 10, 5 என்று போகும். எத்தனை வருடம் ஓட்டினாலும் கூட்டுத்தொகை 80 லட்சத்தைத் தாண்டாது. 15.212-ஓடு அதைச் சேர். 16.012! எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ரையனின் எண் மேல் இழுத்த கோடு மாதிரி அங்கே வந்து முட்டுகிறது.

பாதியைவிட மெதுவாகக் குறைந்தால் தாண்டும். பிஎஸ்2 அப்படித்தான் வால் நீண்டது. அமெரிக்காவில் 299 டாலரில் தொடங்கி 2009-இல் 99-க்கு இறங்கியது, விலை இறங்க இறங்கப் புதுப்புது நாடுகளில் புதுப்புது வீட்டுக்குள் நுழைந்தது. ஸ்விட்ச் நேரெதிர். வந்து எட்டு வருடம் ஆன பெட்டிக்கு 2025 ஆகஸ்டில் அமெரிக்காவில் விலையை ஏற்றினார்கள், சாதாரண மாடல் 299.99-இலிருந்து 339.99. போதாக்குறைக்கு ஸ்விட்ச் 2, ஏழே மாதத்தில் 1.737 கோடி போய்விட்டது. வாங்க நினைக்கிறவன் நாற்பது டாலர் அதிகம் கொடுத்துப் பழையதை எதற்கு எடுப்பான், குழந்தைக்குச் சின்ன, மலிவான லைட் மாடல் வாங்குகிறவனைத் தவிர? இந்த வருடமே தாண்டும் என்ற உன் பேச்சு நடக்காது. என்றைக்காவது தாண்டுமா என்பதில் நான் இன்னும் பணம் கட்டத் தயாராக இல்லை.

அட்டவணையைத் திருத்தும்போது ஒவ்வொரு எண்ணுக்கும் பக்கத்தில் வகை, முடிவுத் தேதி, யார் சொன்னது என்று மூன்று கட்டம் சேர். மூன்றில் ஒன்று காலியாக இருந்தாலும் அந்த எண்ணைச் சாம்பல் நிறமாக்கு. மார்ச் 31 கணக்கு மே மாதம் வரும். அதுவரை முரளியிடம் வாயைத் திறக்காதே, பந்தயத் தொகையை ஏற்றிவிடுவான்.

அன்புடன்,
ரவி

பி.கு.: கேம்பாயையும் கேம்பாய் கலரையும் தனித்தனியாகப் பிரித்திருக்கிறாய். நின்டெண்டோ சேர்த்துத்தான் சொல்கிறது, 11.87 கோடி. பிரித்த எண் உனக்கு எங்கே கிடைத்தது என்று எழுது. உண்மையிலேயே கிடைத்திருந்தால் மேலே எழுதிய வசவுகளில் பாதியைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன்.