யான்ச்சோவின் மனைவி என்று ஒரு வரி

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

சென்ற ஞாயிறு இணைப்பில் ஹங்கேரி சினிமா பற்றிய கட்டுரையைப் படித்தேன். இயக்குநர் மிக்லோஷ் யான்ச்சோவுக்கு முழுப் பக்கம், அதன் கடைசிப் பத்தியில் இவருடைய மனைவி மார்த்தா மேசாரோஷும் சில படங்கள் எடுத்திருக்கிறார் என்று ஒரே ஒரு வரி. யான்ச்சோ பெரிய ஆள்தான், அந்த நீள நீளமான ஷாட்டுகளும் குதிரைகளும் எனக்கும் பிடிக்கும். ஆனால் அந்த 'சில படங்கள்' இருக்கிறதே, வீட்டு வேலை முடிந்த மத்தியானத்தில் மொட்டை மாடியில் வடாம் போட்டார் என்கிற மாதிரி இருந்தது.

1975-இல் பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி என்கிற முதல் பரிசை வாங்கிய முதல் பெண் இயக்குநர் அவர். படம் 'அடாப்ஷன்'. நாற்பதைத் தாண்டிய, கணவனை இழந்த தொழிற்சாலைப் பெண் காத்தா. பல வருஷமாகப் பழகும் ஆளுக்குத் தனியாகக் குடும்பம் இருக்கிறது, இவளுக்கோ ஒரு குழந்தை வேண்டும். கதை இவ்வளவுதான். காத்தாவும் அரசு விடுதியிலிருந்து வந்த அன்னா என்ற பெண்ணும் ஒரு ஓட்டலில் உட்கார்ந்திருப்பார்கள், சுற்றியிருக்கும் மேஜைகளிலிருந்து ஆண்கள் பார்த்துக்கொண்டே இருப்பார்கள், அவ்வளவுதான் நடக்கும். டெல்லியில் இரண்டு பெண்கள் தாபாவில் போய் உட்கார்ந்து பார்த்திருந்தால் இந்தக் காட்சிக்கு சப்டைட்டில் வேண்டாம். கடைசியில் தத்தெடுத்த குழந்தையைத் தூக்கிக்கொண்டு காத்தா பஸ்ஸைப் பிடிக்க ஓடுகிறாள். தொண்ணூறுகளில் நான் மகளைக் காப்பகத்தில் விட இடுப்பில் வைத்துக்கொண்டு, தோளில் பை, கையில் டிபன் டப்பாவோடு டி.டி.சி பஸ் பின்னால் ஓடியவள். டிரைவர் கண்ணாடியில் பார்த்தும் நிறுத்தமாட்டார். அதனால் அந்தக் காட்சியில் எனக்கு அழுகை வரவில்லை, மூச்சு வாங்கியது.

அவருடைய வாழ்க்கையும் லேசானதில்லை. 1931-இல் புடாபெஸ்ட்டில் பிறந்தவர். அப்பா லாஸ்லோ மேசாரோஷ் சிற்பி, கம்யூனிஸ்ட், குடும்பத்தோடு சோவியத் கிர்கிஸ்தானுக்குப் போனார். 1938-இல் ஸ்டாலின் ஆட்சியின் களையெடுப்பில் அவரைப் பிடித்துக்கொண்டு போனார்கள், திரும்பவே இல்லை. அம்மாவும் இறந்துபோக, பெண் அங்கே அடுத்தவர் கையில் வளர்ந்து, போர் முடிந்த பிறகு ஊர் திரும்பினார். அப்புறம் மாஸ்கோவில் சினிமா படித்து, பல வருஷம் ஆவணப்படங்கள் எடுத்துவிட்டு, 1968-இல்தான் முதல் முழுநீளக் கதைப்படம். அதிலும் விடுதியில் வளர்ந்த ஒரு பெண் அம்மாவைத் தேடிப் போகிறாள்! தன் கதையையே நேராகத் தொட்ட 'டைரி ஃபார் மை சில்ட்ரன்' தணிக்கையில் சிக்கிக் கிடந்து 1984-இல் வெளிவந்தது, அதே வருஷம் கான் விழாவில் நடுவர் குழுவின் சிறப்புப் பெரும்பரிசு. அதில் நாயகியின் அப்பாவாகவும், அவள் பிறகு அப்பா மாதிரி ஒட்டிக்கொள்ளும் மனிதராகவும் யான் நோவிட்ஸ்கி ஒருவரே நடித்திருப்பார். அப்பா முகத்தைத் தேடும் பிள்ளைக்கு வேறு எப்படித் தெரியும், சொல்லுங்கள்.

இன்னொரு விஷயம். ஹங்கேரியில் பழைய வழக்கப்படி கணவன் பெயரோடு 'னே' என்று ஒட்டினால் மனைவி பெயர் ஆகிவிடும், நம்மூர் திருமதி ராமசாமி மாதிரி. யான்ச்சோவைக் கல்யாணம் செய்தும் அவர் அப்படிப் போட்டுக்கொள்ளவில்லை, படங்களில் மேசாரோஷ் மார்த்தா என்றுதான் வரும் (அங்கே குடும்பப் பெயர்தான் முதலில்). அவரே ஒட்டிக்கொள்ளாத 'னே'யை நீங்கள் தமிழில் ஒட்டிவிட்டீர்கள்.

அடுத்த ஞாயிறு அவருக்கு அரைப் பக்கமாவது கொடுங்கள். போட்டோ போடுவதாக இருந்தால், தயவுசெய்து யான்ச்சோ பக்கத்தில் நிற்கிற போட்டோ வேண்டாம்.

– ஒரு வாசகி,
மயூர் விஹார், டெல்லி