ஜெர்மன் படவிழா நடத்தும் திரைப்படக் கழக நண்பர்களுக்கு: எர்வின் கெஷோனெக்கை எப்போது காட்டுவீர்கள்?

வணக்கம்.

ஜெர்மன் படவாரம் என்று நீங்கள் அறிவிக்கும்போதெல்லாம் ஆவலாகப் பட்டியலைப் பார்க்கிறேன். அதே ஹெர்சாக், அதே ஃபாஸ்பிண்டர், அதே வெண்டர்ஸ், எல்லாரும் மேற்கு ஜெர்மன் இயக்குநர்கள். நல்ல படங்கள்தான், யார் இல்லை என்றது? ஆனால் நாற்பது வருஷம் ஜெர்மனி இரண்டாகக் கிடந்தது, கிழக்கே டெஃபா என்ற அரசு ஸ்டூடியோ தன் பாட்டுக்குப் படம் எடுத்துக்கொண்டிருந்தது என்பதெல்லாம் உங்கள் பட்டியலை மட்டும் பார்ப்பவருக்குத் தெரிய வழியே இல்லை.

அதனால் என் கோரிக்கை ஒன்றே ஒன்று. அடுத்த முறை கிழக்கு ஜெர்மன் நடிகர் எர்வின் கெஷோனெக் நடித்த படங்களைப் போடுங்கள்.

1906இல் பிறந்தவர், கம்யூனிஸ்ட். ஹிட்லர் வந்ததும் நாட்டைவிட்டு வெளியேறி சோவியத் யூனியன் போனார், அங்கிருந்தும் வெளியேற்றப்பட்டார், 1939இல் பிராகில் நாஜிகளிடம் மாட்டினார். சாக்சன்ஹவுசன், டாஹவ், நொயன்காமே என்று மூன்று வதைமுகாம்கள். டாஹவில் 1943இல் கைதிகளே சேர்ந்து ஒரு இடைக்கால ஐரோப்பிய வீரர் நாடகம் போட்டார்கள், பழைய கோட்டைக் கதை மாதிரி இருக்கும், உள்ளே முழுக்க ஹிட்லரைக் கிண்டல். கதாநாயக வீரனாக நின்றவர் இவர்தான், அதுவும் ஹிட்லரின் எஸ்.எஸ். படைக் காவலர்கள் காவல் காக்கிற முகாமுக்குள். கடைசியில் கைதிகளை அடைத்து வைத்திருந்த காப் அர்கோனா கப்பல்மீது 1945 மே 3 அன்று பிரிட்டிஷ் விமானங்கள் குண்டு போட்டன. ஆயிரக்கணக்கில் செத்துப்போன அந்தக் கப்பலிலிருந்து தப்பிய சில நூறு பேரில் ஒருவர்.

இப்படிப்பட்டவரை டெஃபா எப்போதும் தியாகி வேஷத்திலேயே நிறுத்தியிருக்கும் என்று நினைப்பீர்கள். ஆனால் 1951இல் வந்த ‘வாண்ட்ஸ்பெக் கோடரி’யில் இவர் ஹாம்பர்க் கசாப்புக் கடைக்காரர். வியாபாரம் படுத்துவிட, பணத்துக்காக நாஜிகளுக்குத் தலைவெட்டும் வேலையை ஏற்கிறார், விஷயம் தெரிந்ததும் தெருவே அந்தக் கடைப் பக்கம் போவதை நிறுத்திவிடுகிறது. வதைமுகாமில் இருந்து வந்த ஒருவர் கொலையாளியை அரக்கனாகக் காட்டாமல், கடன் தொல்லையில் முழிக்கிற சாதாரண ஆளாகக் காட்டினார். கிழக்கு ஜெர்மனியை ஆண்ட கட்சிக்குப் பொறுக்கவில்லை. கொலைகாரன்மேல் இரக்கம் வருகிறதாம், சில வாரங்களில் படத்தைத் தூக்கிவிட்டார்கள். இயக்குநர் ஃபால்க் ஹார்னாக் கொஞ்ச நாளில் மேற்கே போய்விட்டார்.

சரி, கனமான படம் வேண்டாம் என்றால் ஃபிராங்க் பேயரின் ‘கார்பைடும் புளிக்கீரையும்’ இருக்கிறது. 1945, போர் முடிந்த கையோடு, டிரெஸ்டனில் இடிந்துபோன சிகரெட் தொழிற்சாலைக்கு வெல்டிங் செய்ய கார்பைடு வேண்டும். சைவம் சாப்பிடுகிறவன், வழியில் எதையாவது பறித்துத் தின்று பிழைத்துக்கொள்வான் என்று கெஷோனெக் நடிக்கும் காலேவை அனுப்புகிறார்கள். ஏழு பீப்பாய், வண்டி கிடையாது. ரஷ்யர்களிடமும் அமெரிக்கர்களிடமும் மாறி மாறிச் சிக்கி அவர் படும் பாடுதான் படம், சிரித்து முடியாது.

பிரெக்ட் நாடகங்கள் போடுகிற நண்பர்களுக்கு இன்னொரு செய்தி. 1949இல் பிரெக்டின் நாடகக்குழுவான பெர்லினர் ஆன்சாம்பிள் தன் முதல் நாடகமாக அவருடைய புண்டிலாவை மேடையேற்றியபோது டிரைவர் மட்டியாக நடித்தவர் கெஷோனெக். பின்னால் பிறந்த மகனுக்கும் மட்டி என்றே பெயர். அந்த மகன் இயக்கிய தொலைக்காட்சிப் படம்தான் 1995இல் அப்பாவின் கடைசிப் படம். 2008இல் இறந்தபோது கெஷோனெக்குக்கு வயது 101.

ஆஸ்கர் என்றால்தான் கூட்டம் வரும் என்பீர்கள், தெரியும். அதற்கும் படம் இருக்கிறது. ‘பொய்யன் யாக்கோப்’, ஆஸ்கருக்குப் பரிந்துரையான ஒரே கிழக்கு ஜெர்மன் படம், அதில் கோவால்ஸ்கி என்ற நாவிதராக வருகிறார். முதல் நாள் அதைப் போடுங்கள், மறுநாள் கார்பைடு, அப்புறம் கோடரி.

பிரதி எங்கே கிடைக்கும் என்று கேட்காதீர்கள். பெர்லினில் டெஃபா அறக்கட்டளை இருக்கிறது, அமெரிக்காவில் மாசசூசெட்ஸ் பல்கலைக்கழகத்தின் டெஃபா நூலகம் ஆங்கில சப்டைட்டிலோடு இந்தப் படங்களை வெளியிட்டு வருகிறது. ஒரு மின்னஞ்சல் போட்டுக் கேளுங்கள். தமிழில் ஒரு பக்கக் கதைக் குறிப்பு வேண்டுமானால் நான் எழுதித் தருகிறேன்.