பாலும் ஹாலும்

மாப்ளே,

எப்படி இருக்கற? போன்ல பேசுனா அஞ்சு நிமிசத்துல முடிஞ்சு போவுது, அதேன் உக்காந்து டைப் பண்றேன். இங்க மழை இல்ல, மஞ்சளுக்குத் தண்ணி கட்டறதே பெரும்பாடா இருக்குது, அத விடு.

பேத்திக்கு ரெண்டு வயசாச்சு. மருமவ தாளவாடிக்காரி, புள்ளைகிட்ட கன்னடந்தான் பேசுவா. நேத்துப் பொழுதோட டம்ளர நீட்டி அம்மாகிட்ட "ஹாலு"ன்னா, ஊத்துனதும் அப்படியே திரும்பி அப்பத்தாகிட்ட "பாலு"ன்னு காட்டறா. யாருமே சொல்லிக் குடுக்கல மாப்ளே, எனக்குப் புல்லரிச்சுப் போச்சு.

பல்லு ஹல்லு, புலி ஹுலி, பத்து ஹத்து, பூ ஹூ, வரிசையா அப்படித்தான். பழைய கன்னடத்துல அங்கயும் ப தான் இருந்துச்சு, பத்தாம் நூற்றாண்டு வாக்குல இருந்து ஒதடு ஒட்டறது மெல்ல விட்டுப்போயி வெறும் காத்தா நின்னுருச்சு. நாமளும் மாறாம ஒண்ணும் இல்ல. அவங்க கிவிங்கறது நமக்குச் செவி, அவங்க கெம்பு நம்ம செம்மண்ணுல இருக்கற செம். பின்னால இ, எ வந்தா நாக்கு முன்னுக்கு வந்து நம்ம க, ச ஆயிருச்சு. அப்ப கிளி ஏன் சிளி ஆகலைன்னு கேளு. அடுத்து வர்ற ள வுக்கு நாக்கு மடங்கோணும், அந்த மடிப்புதான் க வப் புடிச்சு நிறுத்திருச்சு. கிழங்கு, கிணறு, கெடு எல்லாம் அதே கதை. ரெண்டு நாளா இதையே வாய்க்குள்ள சொல்லிப் பாத்துட்டுத் திரியறேன்.

இவ வாழப்பழத்த "வாயப்பயம்"னுதான் சொல்றா. ஆனா நான் அப்படிச் சொன்னா "இல்ல, வாயப்பயம்!"னு கோவிச்சுக்கறா. காதுல ழ உக்காந்துருச்சு, நாக்குக்குத்தான் இன்னும் வரல.

இதெல்லாம் உனக்கு எழுதறதுக்குக் காரணம் அமெரிக்காவுல இருக்கற உம்பேரந்தான். ஏழு மாசம் ஆச்சுல்ல? 1984ல வெர்க்கர், டீஸ்னு ரெண்டு பேரு பாத்தாங்க, இங்கிலீஷ் வூட்டுக் கொழந்தைக ஆறேழு மாசத்துல இந்தி த வையும் ட வையும் பிரிச்சுக் கேக்குதுக, ஒரு வருசம் ஆகறப்ப அந்தக் காது மங்கிருது. வீடியோ கால்ல பேசறேங்காத. 2003ல பாட்ரீசியா கூலுங்கற அம்மா ஒம்பது மாசக் கொழந்தைகளுக்குச் சீன மொழி கேக்க வெச்சாங்க, ஆளு நேர்ல உக்காந்து பேசுனதுல கத்துக்கிச்சுக, அதையே டிவில காட்டுனப்ப ஒண்ணும் ஏறல.

அறுவடை முடிஞ்சு போலாம்னு தள்ளிப் போடாத. காட்ட நான் பாத்துக்கறேன், நீ டிக்கெட்டப் போடு.