பரிசு அல்ல, சம்பள பாக்கி

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழின் போலந்துப் பயணக் கட்டுரையில் குருஷினியானி என்ற சிற்றூருக்கும் ஒரு பக்கம் ஒதுக்கியிருந்தீர்கள். மகிழ்ச்சி. பெலாரஸ் எல்லையோரம் கிடக்கும் அந்த ஊரைப் பற்றித் தமிழில் யார் எழுதுகிறார்கள்! ஆனால் ஒரு வரி உறுத்தியது. போர்க்களத்தில் தன் உயிரைக் காப்பாற்றிய தாத்தார் (துருக்கிய வழிவந்த முஸ்லிம் இனம்) வீரருக்கு மன்னர் மூன்றாம் யான் சோபியெஸ்கி அந்த ஊரைப் பரிசாக அளித்தார் என்று வரலாறு போலவே எழுதியிருக்கிறார் கட்டுரையாளர்.

வருவாய்த் துறையில் முப்பது வருடம் பட்டாவும் பத்திரமும் பார்த்தவன் நான். கதை எதுவானாலும் தேதியைத்தான் முதலில் பார்ப்பேன். மன்னர் உயிர் தப்பியதாகச் சொல்லப்படும் பார்கானிப் போர் நடந்தது 1683 அக்டோபரில், ஒட்டோமான் துருக்கியரின் வியன்னா முற்றுகை முறிந்ததற்கு அடுத்த மாதம். நிலம் வழங்கிய ஆணையோ 1679 மார்ச் மாதத்தது. நாலு வருடம் கழித்துக் காப்பாற்றப் போகிறவருக்கு முன்கூட்டியே யாராவது பரிசு கொடுப்பார்களா?

நடந்தது வேறு. லித்துவேனியத் தாத்தார்கள் தலைமுறை தலைமுறையாக அன்றைய போலந்து-லித்துவேனியக் கூட்டரசின் குதிரைப்படையில் இருந்தவர்கள். கஜானா காலியாகிச் சம்பளம் நின்றது, மத உரிமைகளிலும் கை வைக்கப்பட்டது. 1672இல் அவர்களில் பலர் ஒட்டோமான் பக்கம் போய்விட்டார்கள். 1674இல் மன்னரான சோபியெஸ்கிக்கு அவர்கள் திரும்ப வேண்டியிருந்தது. கையில் பணம் இல்லை, அரச நிலம் இருந்தது. பாக்கிக்கு ஈடாக அதைப் பிரித்துக் கொடுத்தார். குருஷினியானி, தாத்தார் படைத்தலைவர் சாமுவேல் முர்சா க்ஷெச்சோவ்ஸ்கிக்கும் அவருடைய ஆட்களுக்கும் வந்தது இப்படித்தான். அதே வட்டாரத்து ஊரான போஹோனிகியும் அதே ஆணைகளின் கணக்கில் சேர்ந்ததுதான். உயிர் காத்த கதை க்ஷெச்சோவ்ஸ்கி பெயரில் பின்னால் ஒட்டிக்கொண்டது. வியன்னாவில் தாத்தார்கள் மன்னர் பக்கம் நின்று போரிட்டது உண்மை. எதிரணித் தாத்தார்களிடமிருந்து அடையாளம் தெரியத் தலையில் வைக்கோல் செருகிக்கொண்டார்கள் என்பார்கள். அந்தச் சுவையான செய்தி கட்டுரையில் விடுபட்டுப் போனது வருத்தம்தான்.

வார்சாவில் மகள் வீட்டில் இருந்தபோது ஒருநாள் குருஷினியானிக்குப் போயிருந்தேன். 18ஆம் நூற்றாண்டுப் பள்ளிவாசல் என்கிறார்கள். முழுக்க மரம். சுற்றுவட்டாரத் தேவாலயங்களைக் கட்டிப் பழகிய தச்சர்களின் கை என்பது தூரத்திலேயே தெரிகிறது. உள்ளே ஆண்களுக்கும் பெண்களுக்கும் நடுவே மரச்சுவர். பெண்கள் பக்கத்திலிருந்து தொழுகையைக் கவனிக்க அதில் நீளவாக்கில் ஒரு திறப்பு, அதற்கு மெல்லிய திரை. ஊரில் இன்று தாத்தார் குடும்பங்கள் மிகச் சில. மற்றவர்கள் பெரும்பாலும் ஆர்த்தடாக்ஸ் கிறிஸ்தவர்கள்.

நான் அதிக நேரம் நின்றது கல்லறைத் தோட்டத்தில். மிசார் என்பது அங்கே அதற்குப் பெயர். மரங்களுக்கு நடுவே பாசி படிந்த கற்கள், பழையது 1699ஆம் வருடத்தது. அரபு, ரஷ்யம், போலிஷ் என்று எழுத்துகள் கல்லுக்குக் கல் மாறுகின்றன. பெயர் இஸ்லாமியப் பெயர், குடும்பப் பெயரோ 'விச்', 'ஸ்கி' என்று முடியும். சொந்தத் தாத்தார் மொழியை அவர்கள் எப்போதோ இழந்துவிட்டார்கள். 2014இல் யாரோ இரவோடு இரவாக இந்தக் கல்லறைகளிலும் பள்ளிவாசல் சுவரிலும் பெயிண்ட் அடித்து அசிங்கப்படுத்தினார்கள். சுவரில் வரைந்தது பன்றிப் படம். அதற்கு இரண்டே வருடம் முன்புதான் போலந்து அரசு இவ்விடத்தைத் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவித்திருந்தது. இவ்வளவு நீண்ட கட்டுரையில் இதற்கு ஒரு வரி கூடக் கிடைக்கவில்லையா?

சாப்பாட்டுப் பகுதியில் மட்டும் எனக்குக் குறையில்லை. பியெரெகாச்செவ்னிக் என்ற தாத்தார் பலகாரத்தைச் சரியாகவே வர்ணித்திருக்கிறார். மெல்லிய மாவுத் தாள்களை அடுக்கி, நடுவே இறைச்சியோ பாலாடைக்கட்டியோ வைத்துச் சுருட்டி, நத்தை ஓடு போல வளைத்துச் சுடுவது. ஒரு துண்டே எனக்குப் போதுமாக இருந்தது. கட்டுரையாளர் இரண்டு சாப்பிட்டதாக எழுதியிருக்கிறார், நம்புகிறேன்.

இன்னொன்று, படக்குறிப்பு. 'இரட்டைக் கோபுரத் தேவாலயம்' என்று அச்சாகியிருக்கிறது. அந்த ஊரில் தேவாலயமும் உண்டுதான், ஆனால் உங்கள் படத்தில் இருப்பது அதுவல்ல. பூதக்கண்ணாடி வைத்துப் பாருங்கள், கோபுர உச்சியில் பிறை இருக்கிறது.

இப்படிக்கு,
ஒரு வாசகர்,
தஞ்சாவூர்